கேம் எங்கன இருக்கு அண்ணாச்சி?

காலாண்டு லீவு முடிந்ததும் வந்த கடிதங்களில் பெரும்பாலும் ஒரே விஷயம்தான். பிள்ளைகள் லீவில் கணினியில் ஏற்றிய கேம் எங்கே கிடக்கிறது, அதை எப்படிக் கண்டுபிடிப்பது. ஆகவே இந்த இதழ் முழுக்க அதற்கே. பிரிண்டர் மை பற்றிக் கேட்ட பேட்டை வாசகர் அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ள வேண்டும்.

வீட்டில் டைப்பிங், ஆன்லைன் விண்ணப்பம் பூர்த்தி செய்யும் வேலை பார்க்கிறேன். மகன் கோயம்புத்தூரில் ஹாஸ்டலில் இருக்கிறான். சி டிரைவ் கோடு சிவப்பாகிவிட்டது. ஒரு பிடிஎஃப் சேமிக்கக்கூட இடமில்லை என்கிறது. போனில் கேட்டால், "கேம் எல்லாம் டி டிரைவுலதாம்மா இருக்கு" என்கிறான். டி டிரைவில் கல்யாண வீட்டு வீடியோக்களைத் தவிர ஒன்றும் இல்லை. கேம்கள் எங்கே அண்ணாச்சி?
வாசகி, அம்பாசமுத்திரம்

மகனைத் திட்டாதீர்கள் தாயி. டி-யில் போட்டதாகவே அவன் நினைத்துக்கொண்டிருப்பான். ஸ்டீம், எபிக் மாதிரியான கேம் கடைகள் நாம் வேறு இடம் காட்டாவிட்டால் சி டிரைவைத்தான் எடுத்துக்கொள்ளும். அவசரத்தில் 'நெக்ஸ்ட், நெக்ஸ்ட்' என்று தட்டிவிட்டுப் போகிற பையனுக்கு அது கண்ணில் படாது. என் கடைக்கு வருகிற கணினிகளில் பாதிக்கு மேல் இதே கதைதான்: சி-க்கு 256 ஜிபி எஸ்எஸ்டி, டி-க்கு பெரிய ஹார்டு டிஸ்க். அந்த 256-ஐ விண்டோஸ் தன் கணக்கில் 238 என்றுதான் காட்டும். விண்டோஸும் உங்கள் வேலைக்கான மென்பொருள்களும் போக மிச்சத்தில் ஒரு பெரிய கேம் உட்கார்ந்தால் கோடு சிவக்காமல் என்ன செய்யும்?

டிரைவுக்குள் நுழைந்து ஃபோல்டர் ஃபோல்டராகத் தேட வேண்டாம். முதலில் கேம் எந்தக் கடையிலிருந்து வந்தது என்று பாருங்கள். டெஸ்க்டாப்பில் இருக்கும் கேம் படத்தின் மேல் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொக்கேஷன்' கொடுங்கள். பழைய கேம்களும், சிடி, பென்டிரைவிலிருந்து நேராக ஏற்றியவையும் இதிலேயே ஃபோல்டரைத் திறந்து காட்டிவிடும். ஸ்டீம் கேம் என்றால் இது பெரும்பாலும் உதவாது. அது இணைய முகவரி மாதிரியான ஒரு ஷார்ட்கட். அதன் 'பிராப்பர்ட்டீஸ்' போய்ப் பார்த்தால் ஸ்டீம் என்று தொடங்கி ஒரு எண்ணில் முடியும். ஜிடிஏ 5-இன் பழைய பதிப்பு என்றால் அந்த எண் 271590. எபிக் கேமின் ஷார்ட்கட்டிலும் எபிக் பெயர் அப்படியே தெரியும். கடை எது என்று தெரிந்துவிட்டதா? இனிமேல் அந்தக் கடையிடமே கேட்டுக்கொள்ளலாம்.

ஸ்டீமைத் திறந்து 'லைப்ரரி'யில் கேமின் பெயர் மேல் ரைட் கிளிக், அப்புறம் 'மேனேஜ்', 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்'. கேம் இருக்கும் ஃபோல்டர் நேராகத் திறக்கும். வேறு இடம் காட்டாதவர்களுக்கு அது சி டிரைவில் புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86, ஸ்டீம், ஸ்டீம்ஆப்ஸ், காமன் என்று ஒன்றுக்குள் ஒன்றாகப் போகும். எபிக் கேம்கள் புரோகிராம் ஃபைல்ஸில் 'எபிக் கேம்ஸ்' ஃபோல்டரில் இருக்கும். வேலரண்ட் மாதிரி ரயட் கேம்கள் சி டிரைவ் வாசலிலேயே 'ரயட் கேம்ஸ்' என்ற ஃபோல்டரில் இருக்கும். எக்ஸ்பாக்ஸ் ஆப் வழியாக வந்தவை 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' ஃபோல்டரில். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் வந்த சின்னச் சின்ன கேம்கள் 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற ஃபோல்டரில் இருக்கும். அது மறைத்து வைத்தது, பூட்டியும் இருக்கும். யூடியூப் பார்த்து அந்தப் பூட்டை உடைக்கப் போகாதீர்கள். அதற்குப் பிறகு ஸ்டோரில் எதுவும் ஒழுங்காக அப்டேட் ஆகாமல் கணினியைத் தூக்கிக்கொண்டு கடைக்கு வருகிறவர்கள் உண்டு.

எந்தக் கடை என்றே பிடிபடவில்லையா? கேமை ஓட விடுங்கள். கன்ட்ரோல், ஷிஃப்ட், எஸ்கேப் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் டாஸ்க் மேனேஜர் வரும். அதில் கேமின் பெயர் மேல் ரைட் கிளிக் செய்தால் அங்கேயும் 'ஓப்பன் ஃபைல் லொக்கேஷன்' இருக்கும். ஓடிக்கொண்டிருக்கும் கேம் தன் இடத்தை மறைக்க முடியாது. எனக்குப் பிடித்த வழி இதுதான்.

இடம் தெரிந்ததும் ஃபோல்டரைப் பிடித்து டிலீட் அழுத்திவிடாதீர்கள். ஸ்டீமில் என்றால் ஸ்டீமிலேயே, மற்றவை என்றால் செட்டிங்ஸில் 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' போய் அன்இன்ஸ்டால் செய்யுங்கள். அதற்கு முன்னால் மகனுக்கு ஒரு போன் போட்டுவிடுங்கள். அவன் எவ்வளவு தூரம் விளையாடி முடித்திருக்கிறான் என்ற கணக்கு பல கேம்களில் வேறு இடத்தில் இருக்கும்: டாக்குமெண்ட்ஸில் 'மை கேம்ஸ்', 'ராக்ஸ்டார் கேம்ஸ்' மாதிரியான ஃபோல்டர்கள், 'சேவ்டு கேம்ஸ்', இல்லாவிட்டால் மறைந்திருக்கும் ஆப்டேட்டா என்ற ஃபோல்டர். இடம் அடைப்பது கேம்தான், இந்தக் கணக்குக் கோப்புகள் பெரும்பாலும் பொடிசு. அவற்றை டி டிரைவில் ஒரு காப்பி எடுத்து வைத்துவிட்டு கேமை அழித்தால் தீபாவளிக்கு வரும்போது வீட்டில் சண்டை இருக்காது.

2020 மே மாதம் எபிக்கில் இலவசமாகக் கொடுத்தபோது ஜிடிஏ 5 வாங்கி வைத்தேன். நூறு ஜிபிக்கு மேல் இறக்க நெட் பத்தாது என்று, அதே கேம் வைத்திருக்கும் கூட்டாளியின் கணினியிலிருந்து ஹார்டு டிஸ்கில் ஃபோல்டரோடு காப்பி அடித்து வந்தேன். என் கணினியில் 'இன்ஸ்டால்' என்றுதான் காட்டுகிறது. சேர்த்து இன்னொன்று: இன்னொரு ஸ்டீம் கேமை சி-யிலிருந்து கட் பண்ணி டி-யில் பேஸ்ட் பண்ணினேன், அதுவும் போச்சு.
பிளஸ் டூ மாணவன், மேலப்பாளையம்

எல தம்பி, வீட்டைப் பெயர்த்து அடுத்த தெருவில் வைத்தாலும் தாலுகா ஆபீஸ் பட்டாவில் பழைய சர்வே எண்தானே இருக்கும்! கேம் இருக்கும் ஃபோல்டர் ஒரு பக்கம். அது எங்கே இருக்கிறது என்று லாஞ்சர், அதாவது கேம் கடையின் மென்பொருள், தனியாக எழுதி வைத்திருக்கும் குறிப்பு இன்னொரு பக்கம். எபிக் இந்தக் குறிப்பை சி டிரைவில் மறைந்திருக்கும் புரோகிராம்டேட்டா ஃபோல்டருக்குள் 'மேனிஃபெஸ்ட்ஸ்' என்ற ஃபோல்டரில் வைத்திருக்கிறது. ஸ்டீம் ஒவ்வொரு கேமுக்கும் ஒரு 'ஆப்மேனிஃபெஸ்ட்' கோப்பை ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டரில் எழுதி வைக்கிறது. நீ ஃபோல்டரைத்தான் கொண்டு வந்தாய், குறிப்பு வரவில்லை.

எபிக்கில் இப்படிச் செய். காப்பி அடித்ததை டி டிரைவில் ஓர் ஓரமாக, பெயரை மாற்றி வை. லாஞ்சரில் 'இன்ஸ்டால்' கொடுத்து, எந்த இடத்தில் வேண்டுமோ அதைக் காட்டு. இரண்டு மூன்று சதவீதம் இறங்கியதும் நிறுத்திவிட்டு லாஞ்சரை முழுசாக மூடு. டாஸ்க்பாரில் கடிகாரத்துக்குப் பக்கத்தில் ஒளிந்திருக்கும் குட்டிப் படத்தையும் மூடு, நிறையப் பேர் அங்கேதான் கோட்டை விடுகிறார்கள். அது புதிதாக உண்டாக்கிய ஃபோல்டருக்குள் உன் காப்பியில் இருப்பதை எல்லாம் கொட்டு. மறுபடி திறந்து 'ரெஸ்யூம்' கொடு. ஏற்கெனவே இருப்பதைச் சரிபார்த்துவிட்டு, குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும். சரிபார்க்க நேரமாகும். பழைய ஹார்டு டிஸ்க் என்றால் கறி சோறு சாப்பிட்டு ஒரு தூக்கமும் போட்டுவிடலாம்.

ஸ்டீமுக்கு இவ்வளவு சிரமம் இல்லை. கட் பண்ணினதைப் பழைய இடத்திலேயே கொண்டுபோய் வை, கேம் மறுபடி வந்துவிடும். அப்புறம் ஸ்டீம் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' போய் டி டிரைவைச் சேர்த்துவிட்டு, கேமின் பிராப்பர்ட்டீஸில் 'இன்ஸ்டால்டு ஃபைல்ஸ்' என்ற பகுதியில் 'மூவ்' பொத்தானை அழுத்து. குறிப்பையும் அதுவே மாற்றி எழுதிக்கொள்ளும். கட் அண்ட் பேஸ்ட்டை கட்டுரைப் போட்டிக்கு வைத்துக்கொள்.

என் மகன் கணினியில் ஏதோ கேமை ஒளித்து வைத்து விளையாடுகிறான். நான் அறைக்குள் போனால் பாடம் திறந்திருக்கிறது. எங்கே ஒளித்திருக்கிறான் என்று கண்டுபிடித்துச் சொல்லுங்கள்.
தகப்பனார், சங்கரன்கோவில்

சமாதானபுரத்தில் நான் பிரவுசிங் சென்டர் வைத்திருந்த காலத்தில், காலேஜ் பையன்கள் வைஸ் சிட்டி கேமை டி டிரைவில் ஏற்றி அந்த ஃபோல்டருக்கு 'பிசிக்ஸ் நோட்ஸ்' என்று பெயர் வைத்துவிட்டுப் போவார்கள். நான் பெயரைப் பார்ப்பதே இல்லை, எடையைப் பார்ப்பேன். அத்தனை நோட்ஸ் எந்த வாத்தியாரும் கொடுத்ததில்லை. உங்களுக்கும் அதே வழிதான். செட்டிங்ஸில் 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' திறந்து, பட்டியலை அளவு வாரியாக அடுக்கச் சொல்லுங்கள். அதில் வராதவற்றைப் பிடிக்க விஸ்ட்ரீ, விண்டிர்ஸ்டாட் என்று இலவச மென்பொருள்கள் இருக்கின்றன. எந்த ஃபோல்டர் எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று படமாகவே போட்டுக் காட்டிவிடும். மறைத்து வைத்த ஃபோல்டரும் அதில் தப்பாது.

பட்டியலில் 'ரயட் வான்கார்டு' என்று ஒன்று இருந்தால் அது வேலரண்ட் அல்லது லீக் ஆஃப் லெஜண்ட்ஸ் மாதிரி ரயட் கேம் இருக்கிறது, அல்லது இருந்தது என்பதற்கு அடையாளம்; கேமில் கள்ள ஆட்டத்தைத் தடுக்கும் மென்பொருள் அது. கேமை எடுத்த பிறகும் அது தனியாக நிற்கும், தனியாகத்தான் எடுக்க வேண்டும்.

கண்டுபிடித்த அன்றே அவனுக்குத் தெரியாமல் அழித்துவிடாதீர்கள் என்பது என் அபிப்பிராயம். திரும்ப ஏற்ற அவனுக்கு ஒரு ராத்திரி போதும். அடுத்த தடவை ஒளிக்கிற இடம் பென்டிரைவாக இருக்கும்.

ஓய்வு பெற்ற தலைமையாசிரியர் நான். விண்டோஸ் எக்ஸ்பி கணினியில் பின்பாலும் சீட்டு விளையாட்டும் ஆடிப் பழகியவன். பேத்தி புது லேப்டாப் வாங்கித் தந்திருக்கிறாள், இரண்டுமே இல்லை. பழைய கணினி இன்னும் ஓடுகிறது. அதிலிருந்து எடுக்க முடியுமா?
வாசகர், கல்லிடைக்குறிச்சி

முடியும் ஐயா. இந்த இதழின் கேள்விகளிலேயே எனக்குப் பிடித்தது இதுதான். எக்ஸ்பியில் பின்பால், சி டிரைவ் புரோகிராம் ஃபைல்ஸில் 'விண்டோஸ் என்டி' ஃபோல்டருக்குள் 'பின்பால்' என்ற பெயரிலேயே இருக்கிறது. அந்த ஃபோல்டரை முழுசாகப் பென்டிரைவில் எடுத்து லேப்டாப்பில் எங்கே வைத்தாலும் ஓடும். லாஞ்சர் இல்லை, கணக்கு இல்லை, பாஸ்வேர்டு இல்லை. அந்தக் காலத்துக் கேம்களின் சுகமே அதுதான்.

ஆனால் நீங்கள் இத்தனை வருஷம் சேர்த்த ஹைஸ்கோர் அதோடு சேர்ந்து வராது. அதை பின்பால் தன் ஃபோல்டரில் வைக்காமல் விண்டோஸின் உள் குறிப்பேடான ரெஜிஸ்ட்ரியில் எழுதி வைக்கிறது. பழைய கணினியில் ஸ்கோர் பலகையைத் திறந்து போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், பேத்தியிடம் காட்டலாம். எக்ஸ்பிக்கு அடுத்து வந்த விஸ்டாவிலேயே இந்த கேமை எடுத்துவிட்டார்கள். 64 பிட்டுக்கு மாற்றும்போது பந்து எதிலும் மோதாமல் பேய் மாதிரி ஊடுருவிப் போனதாம். எங்கே தப்பு என்று பிடிபடாததால் கைவிட்டதாக மைக்ரோசாஃப்டில் அந்த வேலையைப் பார்த்தவரே பின்னாளில் எழுதியிருக்கிறார்.

சாலிடேர், ஸ்பைடர், ஃப்ரீசெல் எல்லாம் எக்ஸ்பியில் விண்டோஸ் ஃபோல்டருக்குள் 'சிஸ்டம்32'-வில் இருந்தன. சீட்டுக்காக அவற்றைக் கொண்டுவரும் சிரமம் வேண்டாம். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரில் 'சாலிடேர் கலெக்‌ஷன்' இலவசமாகக் கிடைக்கிறது. நடுநடுவே விளம்பரம் வரும், பொறுத்துக்கொள்ள வேண்டியதுதான்.

ஆறாவது படிக்கும் மகன் மைன்கிராஃப்டில் எங்கள் ஊர்க் காற்றாலைகளை வரிசையாகக் கட்டி வைத்திருக்கிறான். கணினியை மாற்றப் போகிறோம். அவன் கட்டியது எங்கே இருக்கும்? ஜாவா எடிஷன்தான்.
வாசகி, பணகுடி

ஜாவா என்று நீங்களே சொல்லிவிட்டதால் என் வேலை சுலபம். விண்டோஸ் சாவியையும் ஆர் எழுத்தையும் சேர்த்து அழுத்துங்கள். வருகிற சின்னப் பெட்டியில் ஆப்டேட்டா (appdata) என்ற சொல்லை ஆங்கிலத்தில், இடைவெளி விடாமல், முன்னும் பின்னும் சதவீதக் குறி போட்டு என்டர் தட்டுங்கள். திறக்கும் இடத்தில் புள்ளியில் தொடங்கும் 'மைன்கிராஃப்ட்' ஃபோல்டர் இருக்கும். அதற்குள் 'சேவ்ஸ்', அதற்குள் மகன் வைத்த பெயரிலேயே உலகம் இருக்கும். கேமை மூடிவிட்டு அந்த ஃபோல்டரைக் காப்பி எடுத்து, புதுக் கணினியில் மைன்கிராஃப்ட் ஏற்றி ஒருமுறை ஓட விட்ட பிறகு அதே 'சேவ்ஸ்' இடத்தில் வையுங்கள். கேமைக் காப்பி எடுக்க வேண்டியதில்லை, அது மகனின் கணக்கில் எப்போது வேண்டுமானாலும் இறங்கும். காற்றாலைதான் வேறெங்கும் கிடைக்காது. பழைய கணினியை எக்ஸ்சேஞ்சில் கொடுப்பதாக இருந்தால், புதியதில் திறந்து எல்லாம் சுற்றுகிறதா என்று மகன் பார்த்துச் சொன்ன பிறகு கொடுங்கள்.

புளூஸ்டாக்ஸில் ஏற்றிய மொபைல் கேம்களின் ஃபோல்டர் எங்கே?
வாசகர், நாங்குநேரி

தனித்தனி ஃபோல்டர் கிடையாது. புளூஸ்டாக்ஸ் கணினிக்குள் ஒரு ஆண்ட்ராய்டு போனையே நடத்துகிறது. அதில் ஏற்றும் கேம் எல்லாம் புரோகிராம்டேட்டாவில் இருக்கும் ஒரே பெரிய டிஸ்க் கோப்புக்குள் போய்விடும். அதைத் தொட வேண்டாம். புளூஸ்டாக்ஸைத் திறந்து, போனில் செய்வதுபோலவே கேமை அன்இன்ஸ்டால் செய்யுங்கள். அழித்த பிறகும் அந்தக் கோப்பு தானாகச் சுருங்காது. புளூஸ்டாக்ஸிலேயே 'டிஸ்க் கிளீனப்' இருக்கிறது, அதையும் ஒருமுறை ஓட்டிவிட்டு அப்புறம் சி டிரைவைப் பாருங்கள்.