டிஸ்லெக்சியாவும் பரிணாமமும்: எங்கே தொடங்குவது?

வணக்கம்,

முதுகலை உயிரியல் படிக்கிறேன். மனிதப் பரிணாமத்தையும் டிஸ்லெக்சியா என்ற வாசிப்புக் குறைபாட்டையும் சேர்த்து ஆராயும் நரம்பறிவியலாளராக விரும்புகிறேன். வேட்டைச் சமூகத்தில் டிஸ்லெக்சியா ஒரு பலமாக இருந்தது, அதனால்தான் அதற்கான மரபணுக்கள் நிலைத்தன என்று வாசித்தேன். இதையே முனைவர் பட்டத்துக்கு எடுக்கலாமா? எந்தத் துறையில் சேர்வது?

எம்.

அன்புள்ள எம்.,

அந்தத் தலைப்பு வேண்டாம். எழுத்து தோன்றி ஐயாயிரம் ஆண்டுகள் சொச்சம்தான் ஆகின்றன. பெரும்பாலான மக்கள் வாசிக்கத் தொடங்கியது கடந்த ஓரிரு நூற்றாண்டுகளில். எழுத்தே இல்லாத சமூகத்தில் வாசிப்புக் குறைபாட்டை எதைக் கொண்டு அளப்பீர்கள்? கதையாகச் சொல்ல நன்றாயிருக்கும், பொய்ப்பிக்க வழியில்லை. ‘அதற்கான மரபணுக்கள்’ என்று கைகாட்டவும் முடியாது. 2022இல் வெளிவந்த மரபணுத்தொகை ஆய்வில் டிஸ்லெக்சியா கண்டறியப்பட்டதாகச் சொன்ன 51,800 பேர் இருந்தார்கள். அதில் டிஸ்லெக்சியாவோடு தொடர்புடையவையாகக் கிடைத்தவை மரபணுத்தொகையில் 42 இடங்கள். ஒவ்வொன்றின் பங்கும் மிகச் சிறிது. அதுவரை பெயர்பெற்றிருந்த டிசிடிசி2, கேஐஏஏ0319 ஆகிய மரபணுக்கள் அந்தப் பட்டியலில் தேறவில்லை.

இந்தத் துறைக்கு வருபவர் முதலில் படிக்கவேண்டியது கேஐஏஏ0319இன் வரலாற்றைத்தான். 1985இல் நரம்பியலாளர் ஆல்பர்ட் கலபுர்தாவின் குழு, இறந்த நான்கு டிஸ்லெக்சியர்களின் மூளைகளில் நியூரான்கள் இடம் தவறிக் கிடப்பதைக் காட்டியது. பிறகு இந்த மரபணுவை எலிக்கருவில் ஆர்என்ஏ துண்டுகளால் அடக்கியபோது நியூரான்கள் மூளையின் மேலடுக்கான புறணிக்குச் சரியாக நகரவில்லை. மூளையும் மரபணுவும் பொருந்திவிட்டன என்று எல்லோருக்கும் நிம்மதி. ஆனால் அந்த மரபணுவையே நீக்கிய சுண்டெலிகளில் நகர்வு இயல்பாக இருந்தது. அதன் உறவு மரபணு அந்த வேலையை ஏற்றுக்கொண்டதோ என்று இரண்டையும் நீக்கிப் பார்த்தார்கள். 2017இல் வந்த முடிவிலும் நகர்வில் குறையில்லை, ஒலியைக் கையாள்வதில்தான் மாற்றம். ஆர்என்ஏ துண்டுகள் குறிவைக்காத மரபணுக்களையும் தாக்கியிருக்கலாம் என்ற சந்தேகம் இன்றும் இருக்கிறது.

பரிணாமத்தை விடவே மனமில்லை என்றால் அளக்கக்கூடிய ஓர் உறுப்பைப் பிடியுங்கள். மூளையின் மொழிப் பகுதிகளை இணைக்கும் ஆர்க்குவேட் நரம்புக்கற்றை நல்ல தேர்வு. மனிதரில் அது நெற்றி மடலிலிருந்து பொட்டு மடலுக்குள் வெகுதூரம் இறங்குகிறது. சிம்பன்சியில் அந்தப் பகுதி சிறிது, மக்காக் குரங்கில் காணப்படவில்லை. இது 2008இல் விரவல் எம்ஆர்ஐ (மூளையில் நீர் விரவும் திசையைக் கொண்டு நரம்புக்கற்றைகளைப் படமெடுக்கும் ஸ்கேன்) மூலம் தெரிந்தது. வாசிக்கத் தொடங்காத சிறு குழந்தைகளிலும் இடப்பக்கக் கற்றையின் அளவு, சொல்லின் ஒலிகளைப் பிரித்தறியும் திறனோடு தொடர்புடையது. ஒரே கருவி இரு கேள்விகளுக்கும் உதவும்.

இந்தக் கருவியில் பெரிய எதிரி தலையசைவு. கவனக்குறைவுக் கோளாறு டிஸ்லெக்சியாவோடு அடிக்கடி சேர்ந்து வரும், அந்தக் குழந்தைகள் கூடுதலாக அசைவார்கள். அசைவு மட்டுமே இரு குழுக்களுக்கிடையே இல்லாத நரம்பு வேறுபாட்டை உண்டாக்கிவிடும். போலி ஸ்கேனரில் முதலில் பழக்குங்கள். ஒவ்வொருவரின் அசைவு அளவையும் பதிந்து, குழுக்களை அதிலும் பொருத்துங்கள். படத்தைப் பின்னால் திருத்திக்கொள்ளலாம் என்று விட்டுவிடாதீர்கள்.

அடுத்தது ஒப்பீட்டுக் குழு. பாதி ஆய்வுகள் சறுக்குவது இங்கேதான் என்பேன். பத்து வயது டிஸ்லெக்சியக் குழந்தையை நன்றாக வாசிக்கும் பத்து வயதுக் குழந்தையோடு ஒப்பிட்டால், இரண்டாமவர் பல மடங்கு வாசித்திருப்பார். வாசிப்பே மூளையை மாற்றுகிறது. காரணமா விளைவா என்று பிரிக்கமுடியாது. அதே வாசிப்பு மட்டத்தில் இருக்கும் எட்டு வயதுக் குழந்தைகளையும் சேர்க்கவேண்டும். 2014இல் இப்படிச் செய்தபோது, வயதொத்த ஒப்பீட்டில் தெரிந்த சாம்பல்நிறப் பொருள் (நியூரான்களின் உடல்கள் நிறைந்த மூளைத் திசு) வேறுபாடுகளில் பெரும்பாலானவை மறைந்துவிட்டன.

இதைவிடச் சிறந்தது, குடும்பத்தில் டிஸ்லெக்சியா உள்ள குழந்தைகளை ஐந்து வயதிலேயே ஸ்கேன் செய்து நான்கைந்து ஆண்டுகள் தொடர்வது. முனைவர் பட்டக்காலத்தில் அதைப் புதிதாகத் தொடங்கி முடிக்கமுடியாது; இடையில் விலகுபவர்களும் உண்டு. ஏற்கெனவே அப்படித் தொடர்ந்துவரும் ஆய்வகத்தில் சேருங்கள்.

துறையின் பெயர் உளவியலா, நரம்பறிவியலா என்பது அவ்வளவு முக்கியமல்ல. விண்ணப்பிக்கும்முன் கலப்பு விளைவு மாதிரிகள் (ஒரே குழந்தையைப் பலமுறை அளந்த தரவுக்கு ஏற்றவை) வரை புள்ளியியலும், பைத்தான் அல்லது ஆர் மொழியும் கைவசம் இருக்கட்டும். ஆய்வகத் தலைவரிடம் இரண்டு கேள்விகள் கேளுங்கள்: வாசிப்பு மட்டம் பொருத்திய குழு இருக்கிறதா? அசைவால் எத்தனை ஸ்கேன்களை ஒதுக்கினீர்கள்? இரண்டாவதற்கு எண்ணாகப் பதில் வராவிட்டால் வேறு இடம் பாருங்கள்.