கேம் சத்தத்தை எந்த இடத்தில் மறிப்பது? – கேள்வி பதில்

பள்ளிக்கூட விடுமுறை தொடங்கினால் என் கடைக்கு வருபவர்களில் பாதிப்பேர் ஒரே விஷயத்தைத்தான் கேட்பார்கள்: "தம்பி, இந்தக் கேமின்ர சத்தத்தை ஒருக்கா நிப்பாட்டித் தாங்கோ." கொக்குவிலில் போனும் கொம்பியூட்டரும் திருத்துகிறேன். கேள்விகளை எழுதி அனுப்பச் சொன்னேன். வந்தவற்றுக்கு என்னால் முடிந்தவரை விளக்கமாகப் பதில் எழுதுகிறேன்.

முதலில் ஒன்று. தோட்டத்துக்குத் தண்ணீர் கட்டியவர்களுக்குத் தெரியும், கிணற்றடியில் இருந்து வரும் தண்ணீரைப் பெரிய வாய்க்காலிலும் மறிக்கலாம், பாத்தி வாசலிலும் மறிக்கலாம். கேம் சத்தமும் அப்படித்தான் வருகிறது. கேமுக்குள் ஒரு மறிப்பு, போனிலோ கொம்பியூட்டரிலோ ஒரு மறிப்பு, கடைசியில் ஹெட்செட்டிலோ ரீவியிலோ இன்னொன்று. எந்த இடத்தில் மறிக்க வேண்டும் என்று தெரியாமல் முழுப் போனையும் ஊமையாக்கிவிட்டு, கோல் வந்தது தெரியவில்லை என்று அந்தரப்படுகிறவர்கள்தான் கூட.

கேள்வி (கோண்டாவிலில் இருந்து ஒரு அக்கா): மகன் மத்தியானத்தில் ப்ரீ பயர் விளையாடுவான். அந்த நேரம் மாமி நித்திரை. போனைச் சைலன்டில் போட்டாலும் துவக்குச் சத்தம் நிற்கவில்லை. ஆனால் அவர் வெளிநாட்டில் இருந்து எடுக்கும் கோல் மட்டும் கேட்காமல் போய்விடுகிறது. ஏன் இப்படி?

பதில்: அக்கா, அன்ட்ரொயிட் போனில் சத்தம் ஒன்று இல்லை. ரிங், நோட்டிபிகேஷன், அலாரம், மீடியா என்று தனித்தனியாக இருக்கிறது. சைலன்ட் என்பது ரிங்கையும் நோட்டிபிகேஷனையும்தான் நிறுத்தும். கேம், பாட்டு, வீடியோ எல்லாம் மீடியாவில் போகிறவை. அதனால்தான் நீங்கள் நிறுத்த நினைத்தது நிற்காமல், நிற்கக் கூடாதது நின்றது.

சைலன்டை எடுத்துவிடுங்கள். கேம் திறந்திருக்கும்போதே பக்கத்தில் உள்ள சத்தப் பட்டனை அமத்துங்கள். திரையில் ஒரு கோடு வரும், அதன் மேலேயோ கீழேயோ மூன்று புள்ளி அல்லது சின்ன அடையாளம் இருக்கும். அதைத் தொட்டால் எல்லாச் சத்தமும் வரிசையாகத் தெரியும். மீடியாவை மட்டும் கீழே இழுத்தால் போதும், கோல் வழமைபோல் அடிக்கும். 2018இல் வந்த அன்ட்ரொயிட் 9 தொடக்கம் அந்தப் பட்டன் இயல்பாக மீடியாவைத்தான் மாற்றும். அதற்கு முந்திய போன்களில் எதுவும் ஒலிக்காத நேரத்தில் அமத்தினால் ரிங்தான் மாறும். பழைய போனாக இருந்தால் அதையும் கவனியுங்கள்.

ஆனால் மகனை ஒரேயடியாகச் சத்தமில்லாமல் விளையாடச் சொல்லாதீர்கள். எதிரி எந்தப் பக்கத்தால் வருகிறான் என்பதைக் கால் சத்தத்தை வைத்துத்தான் பெடியள் பிடிக்கிறார்கள். கேமின் செற்றிங்சில் சவுண்ட் பகுதிக்குள் பாட்டுக்கு ஒரு கோடு, மற்றச் சத்தங்களுக்கு ஒரு கோடு என்று பிரிந்திருக்கும். பாட்டைச் சுழியமாக்கி மற்றதை விட்டுவிட்டு, வயர் இயர்போன் ஒன்று கொடுங்கள். கூட விளையாடுகிறவர்கள் கதைப்பதற்கும் தனி ஸ்பீக்கர் அடையாளம் உண்டு. அநேகமாக வீட்டைக் கிளப்புவது அந்தக் கதைதான், துவக்கு இல்லை.

இன்னொன்று, போனைப் பலகைக் கட்டிலில் வைத்து விளையாடினால் அதிர்வும் "கர்ர்" என்று கேட்கும். அது சத்தக் கோட்டில் குறையாது. கேமின் செற்றிங்சில் வைப்ரேஷனைத் தனியாக நிறுத்த வேண்டும்.

கேள்வி (மானிப்பாயில் இருந்து ஒரு ஐயா): ரொறன்ரோவில் இருக்கிற மகள் பேரனுக்கு ஐபாட் அனுப்பினாள். யூரியூப்பில் சத்தம் வருகிறது. கேமில் மட்டும் வரவில்லை. ஸ்பீக்கர் பழுதா?

பதில்: பழுது இல்லை ஐயா. ஸ்பீக்கர் பழுதென்றால் யூரியூப்பும் கேட்காது. ஐபாட் சைலன்ட் நிலையில் இருக்கிறது. சைலன்டில் பல கேம்கள் அடங்கிவிடும், வீடியோ அடங்காது. திரையின் வலது மேல் மூலையில் இருந்து விரலைக் கீழே இழுங்கள். வரும் கட்டங்களுக்குள் மணி அடையாளம் நிறம் மாறியிருந்தால் ஒருமுறை தொடுங்கள், சரியாகிவிடும். பழைய ஐபாட்களில் பக்கத்தில் ஒரு சின்னச் சுவிட்ச் இருந்தது. 2014இல் வந்த ஐபாட் ஏர் 2இல் அதை எடுத்துவிட்டார்கள், அதனால்தான் பலர் தேடிக் களைக்கிறார்கள். ஐபோனிலும் இதே கதைதான். சுவிட்ச் இருக்கும் மொடலில் அதைத் தள்ளிப் பாருங்கள், சுவிட்ச் இல்லாத புதிய மொடலில் பக்கத்து அக்ஷன் பட்டனை அமத்திப் பிடியுங்கள்.

கோயிலுக்குக் கொண்டு போகும்போது மட்டும் மணியை நம்ப வேண்டாம். சில கேம்கள் சைலன்டை மதிக்காது. சத்தப் பட்டனால் சுழியம் வரை குறைத்துவிட்டே பையில் வையுங்கள்.

கேள்வி (அச்சுவேலி): என் போனில் எந்தக் கேமிலும் சத்தமே இல்லை, பாட்டும் இல்லை. கோல் மட்டும் காதில் வைத்தால் கேட்கிறது. ஒரு கடையில் ஸ்பீக்கர் மாற்ற வேண்டும் என்றார்கள்.

பதில்: மாற்றுவதற்கு முன் திரையின் மேல்வரிசையைப் பாருங்கள். இயர்போன் செருகாமலேயே ஹெட்போன் படம் தெரிகிறதா? தெரிந்தால் 3.5 மில்லிமீட்டர் துவாரத்துக்குள் ஏதோ அடைத்திருக்கிறது. போன், இயர்போன் செருகியிருக்கிறது என்று நினைத்துச் சத்தத்தை அங்கே அனுப்புகிறது.

சென்ற மாதம் தோட்டத்தில் வேலை செய்யும் ஒருவர் இப்படி ஒரு போனைக் கொண்டு வந்தார். டோர்ச் அடித்துப் பார்த்தால் துவாரத்தின் அடியில் செம்மண்ணும் சாரத்துப் பஞ்சும் வியர்வையில் ஊறி இறுகி, பயறம் பருப்பு அளவில் ஒட்டிக்கொண்டிருந்தது. போனை நிறுத்திவிட்டு, ஈர்க்கை நன்றாக மெல்லிதாகச் சீவி, துவாரத்தைக் கீழ்நோக்கிப் பிடித்து, சுவரோரமாக மெதுவாகச் சுழற்றினேன். மூன்றாம் தடவை முழுசாக விழுந்தது. போனைப் போட்டதும் சத்தம் வந்துவிட்டது. குண்டூசி, கம்பி ஒன்றும் விடாதீர்கள், உள்ளே இருக்கும் தகடு வளைந்துவிடும். வாயால் ஊதவும் வேண்டாம், எச்சில் ஈரம் உள்ளே போகும்.

துப்புரவாக்கியும் அந்தப் படம் போகவில்லை என்றால் மட்டும் கடைக்குப் போங்கள்.

கேள்வி (திருநெல்வேலி, பல்கலைக்கழக மாணவன்): அண்ணா, லப்டொப்பில் கேம் விளையாடிக்கொண்டு நண்பர்களோடு கோலில் கதைப்போம். கோல் தொடங்கியவுடனே கேம் சத்தம் தானாகக் குறைந்துவிடுகிறது. கேமில் எவ்வளவு கூட்டினாலும் காணாது.

பதில்: இது விண்டோஸ் செய்யும் வேலை தம்பி. கோல் ஒன்று நடக்கிறது என்று கண்டால் மற்றச் சத்தங்களை 80 வீதம் குறைக்கும்படிதான் அதில் போட்டு வைத்திருக்கிறார்கள். கொன்ட்ரோல் பனலைத் திறந்து சவுண்டுக்குள் போனால் கடைசியாகக் கொமியூனிகேஷன்ஸ் என்று ஒரு பக்கம் இருக்கும். அதில் "டூ நத்திங்" என்பதைத் தெரிவு செய்து ஓகே கொடுங்கள்.

அப்புறம், மறுபக்கப் பிரச்சினைக்கும் வழி சொல்கிறேன். கேம் கூட, நண்பனின் குரல் குறைவு என்றால் வொலியூம் மிக்சரைத் திறவுங்கள். கீழே மூலையில் உள்ள ஸ்பீக்கர் படத்தில் வலது கிளிக் செய்தால் வரும். திறந்திருக்கும் ஒவ்வொரு மென்பொருளுக்கும் தனிக் கோடு. கேமை 30இல் வைத்து மற்றதை 100இல் விடலாம். கேமுக்கு நடுவில் வெளியே வர விருப்பமில்லை என்றால் விண்டோஸ் பட்டனையும் ஜி எழுத்தையும் சேர்த்து அமத்துங்கள், அதே கோடுகள் கேமின் மேலேயே வரும். பிரவுசரில் விளையாடும் கேம் என்றால் அந்த ரப்பில் வலது கிளிக் செய்து மியூட் கொடுத்தாலே போதும்.

கேள்வி (அதே மாணவனின் அறைத்தோழன்): புளூரூத் ஹெட்செட் போட்டு மைக்கைத் திறந்தால் கேம் சத்தம் பழைய லேண்ட்லைன் போன் மாதிரி ஆகிவிடுகிறது. சுட்ட பிறகுதான் சத்தமும் வருகிறது.

பதில்: இரண்டும் புளூரூத்தின் இயல்பு. கேட்க மட்டும் ஒரு முறை, கேட்கவும் கதைக்கவும் இன்னொரு முறை. மைக் திறந்தவுடன் ஹெட்செட் இரண்டாவதற்கு மாறும், அதில் சத்தத்தின் தரம் விழுந்துவிடும். கேமின் செற்றிங்சில் மைக்காக லப்டொப்பின் சொந்த மைக்கைத் தெரிவு செய்யுங்கள், கேட்கும் சத்தம் பழையபடி தெளியும். சத்தம் பிந்தி வருவதை முழுதாகத் தீர்க்க வழி இல்லை. சத்தத்தைச் சுருக்கி அனுப்பி மறுபடி விரிக்க, செக்கனில் பத்தில் ஒரு பங்கோ அதற்கும் கூடவோ போகிறது. சுடும் கேமுக்கு வயர் ஹெட்செட்தான் என் தெரிவு.

கேள்வி (சாவகச்சேரி): பிள்ளை நித்திரை என்று ரீவியை மியூட் பண்ணிவிட்டுப் பிளேஸ்டேஷன் 5 விளையாடினேன். திடீரென்று கையில் இருந்த கொன்ட்ரோலரே கத்தியது!

பதில்: அதற்குள் தனி ஸ்பீக்கர் இருக்கிறது. கொன்ட்ரோலரின் நடுவில், பிஎஸ் அடையாளத்துக்குக் கீழே உள்ள மைக் பட்டனைச் சும்மா அமத்தினால் மைக் மட்டும் நிற்கும். சற்று நேரம் அமத்திப் பிடித்தால் மைக், கொன்ட்ரோலர் ஸ்பீக்கர், ரீவிக்குப் போகும் சத்தம் எல்லாமே ஒன்றாக நிற்கும். பிள்ளை அசைந்தால் ரீமோட்டைத் தேடி ஓடத் தேவையில்லை. பிளேஸ்டேஷன் 4 என்றால் பிஎஸ் பட்டனை அமத்திப் பிடித்து, சவுண்டுக்குள் போய்க் கொன்ட்ரோலர் ஸ்பீக்கரைக் குறையுங்கள்.

கேள்வி (பெயரும் ஊரும் போட வேண்டாம் என்று ஒரு தம்பி): நான் ரீவியில் போர் கேம் விளையாடுவேன். குண்டு வெடிக்கும் சத்தம் வந்தால் பக்கத்து அறையில் இருக்கிற அம்மம்மா எழும்பி உட்கார்ந்துவிடுகிறா. கேம் என்று அவவுக்குத் தெரியும், ஒன்றும் சொல்ல மாட்டா. ஆனால் கை நடுங்குவதைப் பார்த்தேன். சத்தத்தைக் குறைத்தால் கதைப்பது கேட்கவில்லை, கூட்டினால் வெடி பெரிதாக இருக்கிறது.

பதில்: தம்பி, இதைக் கவனித்து எழுதினாயே, அதுவே பெரிய விஷயம். எங்கள் வீடுகளில் இந்தச் சத்தம் வெறும் சத்தம் இல்லை. ஷெல் விழுந்த காலத்தில் பங்கருக்குள் இருந்தவர்களுக்கு மூளை "இது ரீவி" என்று சொல்லுமுன் உடம்பு எழும்பிவிடும். அவவாகக் கேட்க மாட்டா, நீதான் செய்ய வேண்டும்.

முதல் வேலை ஹெட்செட். பிளேஸ்டேஷன் கொன்ட்ரோலரிலேயே வயரைச் செருகும் துவாரம் இருக்கிறது. செருகிவிட்டு எல்லாச் சத்தமும் ஹெட்செட்டுக்குப் போகும்படி செற்றிங்சில் போடு. ஹெட்செட் இல்லாத நாளுக்கு இரண்டு மாற்றம் செய். கேமின் ஓடியோ பகுதியில் டைனமிக் ரேஞ்ச் என்று இருந்தால் அதைக் குறைந்ததில் வை, நைட் மோட் என்று இருந்தால் அதைப் போடு. மெல்லிய சத்தத்தை உயர்த்தி, பெரிய சத்தத்தைத் தாழ்த்தி இரண்டையும் கிட்டக் கொண்டுவரும், கதை கேட்கும், வெடி அடங்கும். சில ரீவிகளிலும் ஒட்டோ வொலியூம் என்று இதே வேலையைச் செய்யும் வசதி இருக்கிறது.

மற்றது பேஸ். சுவரைத் தாண்டிப் போவது கீச்சுச் சத்தம் இல்லை, "தும்" என்ற அடிச்சத்தம்தான். அடிச்சத்தத்துக்கென்று தனி ஸ்பீக்கர் (சப்வூபர்) இருந்தால் அதை நிறுத்து, ரீவியின் சத்தச் செற்றிங்சில் உள்ள ஈக்குவலைசரில் பேசைக் கீழே இறக்கு. செய்த பிறகு கேமை ஓடவிட்டு அம்மம்மாவின் அறைக்குள் போய், அவ படுக்கும் இடத்தில் இருந்து ஒருமுறை நீயே கேட்டுப் பார். ரீவிக்கு முன்னால் இருந்து கேட்டால் தெரியாது.

கேள்வி (பருத்தித்துறை): அம்மா மிட்டாய் அடுக்கும் கேம் விளையாடுவா. கேமுக்குள் சத்தத்தை நிறுத்தி வைத்திருக்கிறோம், ஆனாலும் விளம்பரம் வந்தால் அலறுகிறது.

பதில்: விளம்பரம் வேறு இடத்தில் இருந்து வருவது, கேமுக்குள் இருக்கும் மறிப்பு அதைப் பிடிக்காது. மீடியாவைக் குறையுங்கள். இணையம் இல்லாமலும் ஓடும் கேம் என்றால் டேட்டாவையும் வைபையையும் நிறுத்திவிட்டு விளையாடக் கொடுங்கள், புது விளம்பரம் வராது.

கேள்வி: கொழும்பு இரவு பஸ்ஸில் விளையாடும்போது இயர்போன் கழன்று, முழு பஸ்ஸும் எழும்பிவிட்டது. தடுக்க முடியுமா?

பதில்: பாட்டு என்றால் கழன்றவுடன் அநேகமாகத் தானாக நிற்கும், கேம் பெரும்பாலும் நிற்காது. இயர்போனைச் செருக முன்பே மீடியாவைச் சுழியமாக்குங்கள். பல போன்கள் ஸ்பீக்கருக்கு ஒரு அளவு, இயர்போனுக்கு ஒரு அளவு என்று தனித்தனியாக நினைவில் வைத்திருக்கும். கழன்றால் அந்தச் சுழியத்துக்கே திரும்பும். நின்டெண்டோ ஸ்விட்ச் வைத்திருப்பவர்களுக்கு இன்னும் சுகம். ஹெட்போன் கழன்றால் மியூட் ஆகும் வசதி சிஸ்டம் செற்றிங்சிலேயே இருக்கிறது.

கேள்வி (சுன்னாகம், ஒரு அம்மா): மகளுக்கு எட்டு வயது. இடது காது கேட்காது. இயர்போன் போட்டு விளையாடினால் பாதிச் சத்தம்தான் வருகிறது என்கிறாள். கூட்டி வைத்துக் கேட்கிறாள். நல்ல காதும் போய்விடுமோ என்று பயமாக இருக்கிறது.

பதில்: அம்மா, உங்கள் பயம் நியாயமானது, ஆனால் இதற்கு நல்ல வழி இருக்கிறது. இயர்போனில் இடம் வலம் என்று வெவ்வேறு சத்தம் போகிறது. இடப்பக்கம் போவது மகளுக்கு முழுதாக இழப்பு, அதனால்தான் கூட்டுகிறாள். அன்ட்ரொயிட்டிலும் ஐபோனிலும் செற்றிங்சில் அக்சசிபிலிற்றிக்குள் மோனோ ஓடியோ என்று ஒன்று இருக்கிறது. போட்டால் இரண்டு பக்கச் சத்தமும் ஒன்றாகக் கலந்து இரண்டிலும் வரும். வலது காதிலேயே முழுவதும் கேட்கும், கூட்டத் தேவை வராது. எதிரி எந்தத் திசையில் என்பது மட்டும் சத்தத்தில் தெரியாமல் போகும். போர்ட்நைட் போன்ற சில கேம்களில் கால் சத்தத்தையும் வெடியையும் திரையில் படமாகக் காட்டும் வசதி உண்டு. அப்படியானவற்றைத் தேடிக் கொடுங்கள்.

அளவைப் பற்றி: உலக சுகாதார நிறுவனம் பெரியவர்களுக்குக் கிழமைக்கு 40 மணித்தியாலம் 80 டெசிபெல் வரை, சிறுவர்களுக்கு அதே நேரத்துக்கு 75 டெசிபெல் வரை என்று சொல்கிறது. ஒவ்வொரு 3 டெசிபெல் கூடும்போதும் பாதுகாப்பான நேரம் பாதியாகக் குறையும். 75இல் 40 மணித்தியாலம் என்றால் 78இல் 20, 81இல் 10தான். ஐபோனில் ஹெட்போன் சேப்டிக்குள் 75 டெசிபெல்லுக்கு மேல் போகாமல் கட்டி வைக்கலாம். சாம்சங் என்றால் சவுண்ட் பகுதியில் வொலியூமுக்குள் போய், மேலே உள்ள மூன்று புள்ளியைத் தொட்டு, மீடியா வொலியூம் லிமிட்டைப் போட்டு, இரகசிய இலக்கமும் வையுங்கள்.

முதலில் மோனோவைப் போட்டுக் காட்டுங்கள், பிறகு லிமிட்டை வையுங்கள். மாறிச் செய்தால் சத்தம் காணாது என்று அழுவாள். விளையாடிய பிறகு காதுக்குள் "கீ" என்று கேட்கிறது என்று எப்போதாவது சொன்னால், அன்றைக்கே நிறுத்தி, அவளைப் பார்க்கும் காது மூக்கு தொண்டை வைத்தியரிடம் காட்டுங்கள். போனைக் கடைக்குக் கொண்டு வந்தால் இந்த இரண்டையும் நானே போட்டுத் தருகிறேன், காசு வேண்டாம்.