மின்சார ஃபியூச்சர்ஸ்: பணம் போனால் யாரைக் கேட்பது?

கேள்வி: ஈரோடு பக்கத்தில் விசைத்தறிக் கூடம் நடத்துகிறேன். இரண்டு மாதத்துக்குச் சுமார் 12,000 யூனிட் ஆகும். "கரண்ட் கட்டணம் ஏறினாலும் கை கடிக்காமல் இருக்க, எம்சிஎக்ஸ் சரக்குச் சந்தையில் மின்சார ஃபியூச்சர்ஸ் வாங்கி வையுங்கள்" என்கிறார் புரோக்கர் அலுவலகத்தில் வேலை செய்யும் தெரிந்தவர். கையில் 3 லட்சம் ரூபாய் இருக்கிறது. பங்கு, சரக்குச் சந்தைகளைக் கண்காணிக்கும் செபி, மின்சார ஒழுங்குமுறை ஆணையம் இரண்டுமே இதைக் கவனிக்கிறதாம். பிரச்சினை வந்தால் யாரிடம் போவது?

பதில்: அந்த 3 லட்சத்தை இதில் போடாதீர்கள். ஃபியூச்சர்ஸ் என்பது பின்னாளைய விலையை இன்றே பேசிக்கொள்ளும் ஒப்பந்தம். உங்கள் கட்டணத்தைத் தமிழ்நாடு மின்சார ஒழுங்குமுறை ஆணையம் நிர்ணயிக்கிறது. எம்சிஎக்ஸில் விலை ஏறினாலும் இறங்கினாலும் உங்கள் பில்லில் ஒரு பைசா மாறாது. மின் சந்தையில் நேரடியாக மின்சாரம் வாங்கும் பெரிய ஆலைகளுக்கு இது பாதுகாப்பு. உங்களுக்கு இது வெறும் ஊக வணிகம்.

அளவையும் பாருங்கள். ஒரு லாட் (வாங்கக்கூடிய குறைந்தபட்ச அளவு) 50 மெகாவாட்-மணி, அதாவது 50,000 யூனிட். உங்கள் தறிகள் எட்டு மாதத்தில்கூட அவ்வளவு இழுக்காது. யூனிட் 4 ரூபாய் என்றால் ஒரு லாட்டின் மதிப்பு 2 லட்சம். 10 சதவீத மார்ஜின் (முன்பணம்) என்று வைத்தால் 20,000 ரூபாய் கட்டி உள்ளே போய்விடலாம். விலை 50 பைசா எதிர்ப்பக்கம் நகர்ந்தால் நட்டம் 25,000. கட்டிய மார்ஜினைத் தாண்டிவிட்டது.

இனி, யாரைக் கேட்பது என்பதற்கு வருகிறேன். இந்தக் கேள்விக்கு விடை காண இந்தியாவுக்கே பன்னிரண்டு ஆண்டுக்கு மேல் ஆனது. 2009இல் எம்சிஎக்ஸ் மின்சார ஃபியூச்சர்ஸைத் தொடங்கியபோது, சரக்கு முன்பேர வணிகம் தன் அதிகாரம் என்றது அப்போதைய முன்பேரச் சந்தை ஆணையம். மின்சாரம் சம்பந்தப்பட்டது எல்லாம் தன் அதிகாரம் என்றது மத்திய மின்சார ஒழுங்குமுறை ஆணையம். பம்பாய் உயர் நீதிமன்றம் 2011இல் தீர்ப்பளித்தும் முடியாமல் வழக்கு உச்ச நீதிமன்றம் போனது. நடுவில், 2015இல் முன்பேரச் சந்தை ஆணையம் செபியோடு இணைந்துவிட்டது. கடைசியில் இரு தரப்பும் உடன்பாட்டுக்கு வந்து, 2021 அக்டோபரில் வழக்கு முடிந்தது. மின்சாரமே கைமாறும் ஒப்பந்தங்கள் மத்திய மின்சார ஆணையத்துக்கு. பணத்தில் மட்டும் கணக்குத் தீரும் ஃபியூச்சர்ஸ் செபிக்கு. அதன் பிறகும் 2025 ஜூலையில்தான் எம்சிஎக்ஸிலும் என்எஸ்இ பங்குச் சந்தையிலும் இந்த வணிகம் தொடங்கியது.

ஆக, புரோக்கர் ஏமாற்றினாலோ, சொல்லாத ஆர்டரைப் போட்டாலோ, முதலில் புரோக்கரிடம் எழுத்தில் புகார், பிறகு செபியின் ஸ்கோர்ஸ் என்ற இணையப் புகார்த் தளம். மின்சார ஆணையத்தின் கதவைத் தட்டி இதற்குப் பயன் இல்லை.

காகிதத்தில் கோடு தெளிவாகத்தான் இருக்கிறது. ஆனால் உங்கள் லாபநட்டத்தைத் தீர்மானிக்கும் விலை எங்கிருந்து வருகிறது? மறுநாள் மின்சாரத்துக்காக மின் சந்தையில் நடக்கும் ஏலத்திலிருந்து. அந்த ஏலத்தின் விதிகள் மின்சார ஆணையத்தின் கையில். 2022 மார்ச்சில் யூனிட் விலை 20 ரூபாயைத் தொட்டபோது ஆணையம் 12 ரூபாய் உச்சவரம்பு போட்டது. அடுத்த ஆண்டு அதை 10 ஆக்கியது. மக்களுக்கு நல்லதுதான். ஆனால் ஃபியூச்சர்ஸில் நிற்பவருக்கு அப்படியொரு ஆணை ஒரே நாளில் கணக்கைப் புரட்டிப்போடும். அந்த நட்டத்துக்குச் செபியிடமும் முறையிட முடியாது. அங்கே யாரும் தவறே செய்யவில்லையே!

இன்னொன்றும் சொல்ல வேண்டும். 2025 ஜூலை 23 அன்று, மின் சந்தைகளின் ஏலங்களை இணைக்க மின்சார ஆணையம் ஆணையிட்டது. மறுநாள், நாட்டின் மிகப் பெரிய மின் சந்தையான ஐஇஎக்ஸின் பங்கு விலை கால்வாசிக்கு மேல் சரிந்தது. ஆணை வெளிவருமுன்பே தகவல் கசிந்து சிலர் சம்பாதித்தார்கள் என்று அக்டோபரில் செபி இடைக்கால உத்தரவு போட்டது. ஓர் அமைப்புக்குள் பிறக்கும் தகவல், இன்னொரு அமைப்பு காவல் காக்கும் சந்தையில் பணமாகிறது. இந்த இடைவெளியை இரண்டும் சேர்ந்து அடைக்கும்வரை, சிறு முதலீட்டாளர் இங்கே நிற்பதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

கட்டண உயர்வுதான் கவலை என்றால், அந்தப் பணத்தில் ஒரு பகுதியைக் கூரை சோலாருக்கு ஒதுக்க முடியுமா என்று கணக்குப் பாருங்கள். விசைத்தறிக்கான இலவச யூனிட் கழிந்த பிறகு நீங்கள் உண்மையில் காசு கொடுக்கும் யூனிட் எத்தனை என்பதிலிருந்து தொடங்குங்கள். கடைசி மூன்று பில்களை அனுப்பினால் நானே போட்டுத் தருகிறேன்.