துக்கத்துக்கு எந்தப் பாட்டு? – இலக்கியக் கேள்வி பதில்

அம்மா இறந்து நான்கு மாதம் ஆகிறது. 'மனசைத் தேத்திக்கோம்மா' என்று யாராவது சொன்னாலே எரிச்சல் வருகிறது. ஆனால் சோகமான கவிதை எதையாவது படித்தால் பாரம் கொஞ்சம் இறங்குகிறது. இது சரிதானா? பழைய இலக்கியத்தில் எதைப் படிக்கலாம்?
– ஒரு வாசகி, தஞ்சாவூர்

தாராளமாகப் படியுங்கள். தேற்ற வருகிறவர் உங்கள் அழுகையை நிறுத்தப் பார்க்கிறார். நல்ல புலம்பல் பாட்டு அதைக் கேட்பதே இல்லை. இறந்தவரைப் பற்றி மட்டும் பேசுகிறது. துக்கத்தில் இருப்பவருக்கு வேண்டியதும் அந்தப் பேச்சுதான்.

புறநானூற்றில் 'கையறுநிலை' (இறந்தவரை நினைத்துச் செயலற்றுப் புலம்புவது) என்று துறை குறித்த பாடல்களிலிருந்து தொடங்கலாம். முதலில் 112ஆம் பாட்டு. மூவேந்தரும் பறம்பு மலையை முற்றுகையிட்டுப் பாரி இறந்தபின் அவன் மகளிர் பாடியது. மொத்தமே ஐந்து வரி. 'அற்றைத் திங்கள் அவ்வெண் ணிலவின்' அப்பா இருந்தார், குன்றும் எங்களுடையது. 'இற்றைத் திங்கள் இவ்வெண் ணிலவின்' குன்றும் போயிற்று, அப்பாவும் இல்லை. அழுகிறோம், தாங்க முடியவில்லை என்று ஓர் இடத்திலும் வராது. நிலா அப்படியே இருக்கிறது. அதன் கீழ் எல்லாமே மாறிவிட்டது. 'போன மாதம் இதே நாளில் அம்மா இருந்தாள்' என்று கணக்குப் பார்த்தவர்களுக்கு இதற்கு உரையே வேண்டாம்.

அடுத்து 242. ஒல்லையூர்ப் பெருஞ்சாத்தன் இறந்தபின் குடவாயிற் கீரத்தனார் பாடியது. இளையோர் சூடார், வளையோர் கொய்யார், பாணன் சூடான், பாடினி அணியாள்; பிறகும் 'முல்லையும் பூத்தியோ, ஒல்லையூர் நாட்டே?' என்று பூவைப் பார்த்தே கேட்கிறார். சாவு நடந்த மறுநாளும் பக்கத்து வீட்டில் டிவி ஓடுகிறதே என்று வரும் கோபம் தப்பில்லை என்பதை இதைவிடத் துல்லியமாகச் சொன்ன பாட்டு தமிழில் அரிது.

தாய்க்கென்றே உள்ளவை, தம் தாயின் ஈமத்தின் முன் பட்டினத்தார் பாடியதாக வழங்கும் பத்துப் பாடல்கள். விறகும் தீயும் வாய்க்கரிசியும் அதில் நேராக வரும் என்பதால் முதல் சில வாரங்களில் பலருக்குத் தாங்காது. நீங்கள் இப்போது நாளைக்கு ஒரு பாட்டு என்று மெல்லப் போகலாம். நடுவில் முடியவில்லை என்றால் மூடி வைத்துவிட்டு ஒரு மாதம் கழித்து எடுங்கள்.

எல்லாத் துக்கமும் சாவுத் துக்கம் இல்லையே. வேலை போனது, அவமானப்பட்டது, வயதானது, இதற்கெல்லாம் பாட்டு உண்டா?
– ஒரு வாசகர், கோயம்புத்தூர்

உண்டு. தொல்காப்பியத்தில் உணர்ச்சி வெளிப்பாடுகளைப் பேசும் மெய்ப்பாட்டியல், அழுகை பிறக்கும் இடங்களை இளிவு (அவமானம்), இழவு (இழப்பு), அசைவு, வறுமை என நான்காகப் பிரிக்கிறது. பாட்டைத் தேடுவதற்கும் அதுவே நல்ல வழி. இழவுக்கு மேலே சொன்னவை போதும். மனைவியை இழந்தவர்கள் மட்டும் சேரமான் மாக்கோதை பாடிய புறநானூறு 245ஐயும் சேர்த்துக்கொள்ளலாம். அவள் சிதையில் மாய்ந்தாள், 'இன்னும் வாழ்வல்' என்று தன் உயிரைப் பார்த்தே வியந்து நோகிறான் அந்த அரசன்.

அசைவு என்பது முன்பிருந்த நிலை கெட்டு வருந்துவது. அதற்கு 243. இளமையில் மருத மரக் கிளையிலிருந்து மடுவில் குதித்து மூழ்கி அடிமணலை அள்ளி வந்து காட்டியவர், இப்போது பூண் போட்ட தடியை ஊன்றி, இருமலுக்கு நடுவே சில சொல் பேசுகிறார். அந்த இளமை எங்கே போயிற்று என்று கேட்டு நிறுத்திவிடுகிறார். முதுமைக்குச் சமாதானம் எதுவும் சொல்லாததால்தான் முதியவர்களுக்கு இது பிடிக்கிறது.

வறுமைக்கு 164. பெருந்தலைச் சாத்தனார் வள்ளல் குமணனிடம் தன் வீட்டு நிலையைச் சொல்வது. சமைப்பதையே மறந்த அடுப்பில் காளான் பூத்திருக்கிறது. பாலில்லாத முலையைச் சுவைத்துப் பார்த்துக் குழந்தை தாயின் முகத்தைப் பார்க்கிறது. இளிவுக்கு 74, சிறையில் தண்ணீருக்குக் காத்திருந்த சேரமான் கணைக்கால் இரும்பொறையின் பாட்டு. அவன் அந்தத் தண்ணீரைக் குடிக்காமல் இறந்தான் என்கிறது அடிக்குறிப்பு. மனம் மிகவும் தளர்ந்திருக்கும்போது இதை எடுக்க வேண்டாம்.

சங்கப் பாட்டு புரிவதில்லை. உரையைப் படித்தால் அர்த்தம் தெரிகிறது, உணர்வு போய்விடுகிறது. என்ன செய்வது?
– ஒரு வாசகர், திருநெல்வேலி

வரிசை மாறுவதுதான் காரணம். பொழிப்புரையை முதலில் படித்தால், பிறகு பாட்டில் அதைச் சரிபார்க்கத்தான் தோன்றும். சந்தி பிரித்த மூலத்தை எடுத்து, வாய்விட்டு மூன்று முறை படியுங்கள். பிறகு வினைச்சொற்களை மட்டும் பென்சிலால் கோடிடுங்கள். 242இல் சூடார், கொய்யார், சூடான், அணியாள் என்று நான்கு மறுப்பு, கடைசியில் பூத்தியோ என்று ஒரு கேள்வி. இது தெரிந்தாலே பாட்டில் பாதி பிடிபட்டுவிடும். மிச்சமிருக்கும் கடினச் சொற்களுக்கு மட்டும் உரையைப் பாருங்கள். கடைசியாக இன்னொரு முறை, உரையை மூடிவைத்துவிட்டு, வாய்விட்டுப் படியுங்கள்.

உ.வே.சா. 1894இல் வெளியிட்ட புறநானூற்றில் பழைய உரை முதல் 266 பாடல்களுக்கு மட்டுமே உண்டு. மேலே சொன்ன புறப்பாட்டுகள் எல்லாம் அதற்குள் வந்துவிடும். விரிவான விளக்கம் வேண்டுமென்றால் ஔவை துரைசாமிப் பிள்ளை உரை. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகத்தில் மூலமும் உரையும் இலவசமாகக் கிடைக்கும்.

ஒரே அமர்வில் பத்துப் பாட்டு படிக்காதீர்கள். நான்காவது பாட்டிலேயே எல்லாச் சாவும் ஒன்றுபோலத் தோன்ற ஆரம்பித்துவிடும்.

இரவில் தூக்கம் வரவில்லை. அப்போது சோகப் பாட்டு படித்தால் துக்கம் கூடாதா?
– ஒரு வாசகி, சென்னை

அளவோடு படித்தால் துக்கம் அதிகமாகாது. குறுந்தொகை 6, பதுமனார் பாட்டு, நான்கே வரி. ஊர் முழுக்கப் பேச்சடங்கித் தூங்குகிறது, 'ஓர்யான் மன்ற துஞ்சா தேனே' என்கிறாள் தலைவி. கூடவே குறள் 1168: எல்லா உயிரையும் தூங்கவைத்துவிட்ட இந்த இரவுக்கு என்னைவிட்டால் துணை இல்லை. தனியாக விழித்திருப்பவளே இரவுக்குத் துணையாகிவிடுகிறாள்.

இரண்டே பாட்டு, அச்சுப் புத்தகத்தில், எழுந்து உட்கார்ந்து. படுத்துக்கொண்டு ஃபோனில் தேட ஆரம்பித்தால் பாட்டு முடிந்தும் விரல் நிற்காது, திரை வெளிச்சத்தில் வருகிற தூக்கமும் போய்விடும். படித்தபின் அழுகை வந்து அடங்கினால் நல்லது. ஒரே வரியை நாள் முழுக்க அரைத்துக்கொண்டிருந்தால், சாப்பாடும் வேலையும் நின்றுபோனால், உயிர் வேண்டாம் என்ற நினைப்பு எட்டிப்பார்த்தால், அது பாட்டால் ஆறுவதில்லை. 14416க்கு அழையுங்கள். அரசின் டெலி மானஸ் சேவை, கட்டணம் இல்லை, 24 மணி நேரமும் தமிழில் பேசலாம்.

பாட்டி நன்றாக ஒப்பாரி பாடுவார். எழுதி வைக்க ஆசை. கேட்டால் மறுக்கிறார்.
– ஒரு வாசகர், புதுக்கோட்டை

சாவு இல்லாத வீட்டில் ஒப்பாரி பாடக்கூடாது என்ற நம்பிக்கை பலரிடம் உண்டு. வீட்டுக்குள் வைத்துக் கேட்காதீர்கள். தோட்டத்திலோ வயல் பக்கமோ உட்கார்ந்து கேட்டுப்பாருங்கள். முதலில் பாட வேண்டாம், சொன்னால் போதும் என்று கேளுங்கள். பேச்சு ஓட ஆரம்பித்தால் ராகம் தானே வந்துவிடும். அனுமதி வாங்கிப் பதிவுசெய்யுங்கள். எழுதும்போது பேச்சுவழக்கைத் திருத்தாதீர்கள், 'ஏ என்னப் பெத்த ஆத்தா' போன்ற விளிகளை விடாதீர்கள். யாருக்கு, யார் பாடியது என்ற உறவையும் குறியுங்கள். அடுத்தவர் வீட்டுச் சாவில் அழும் பெண் தன் தாயையும், தன் புகுந்த வீட்டுக் குறையையும் சேர்த்தே பாடுவாள். அந்த இடங்களைத் தொடர்பில்லாதவை என்று வெட்டிவிட்டால் ஒப்பாரியின் உயிரே போய்விடும்.

'இடுக்கண் வருங்கால் நகுக' என்கிறாரே வள்ளுவர். சாவு வீட்டில் எப்படிச் சிரிப்பது?
– ஒரு வாசகர், சேலம்

சிரிக்கச் சொல்லவில்லை. ஊக்கமுடைமை, மடியின்மை, ஆள்வினையுடைமை ஆகிய அதிகாரங்களை அடுத்து வருவது இடுக்கண் அழியாமை; எடுத்த காரியத்துக்கு வரும் இடையூறு பற்றிய பேச்சு அது. துக்க வீட்டுக்கு அனுப்பும் வாட்ஸ்அப் செய்தியில் அந்தக் குறளைப் போடாதீர்கள். மனம் வாடியிருப்பவருக்குப் படர்மெலிந்திரங்கல் (117), பொழுதுகண்டிரங்கல் (123) அதிகாரங்களைக் காட்டுங்கள். காதலர் பிரிவுக்கு எழுதியவைதான். ஆனாலும் காலையில் அரும்பி, பகலெல்லாம் போதாகி, மாலையில் மலரும் நோய் என்ற 1227ஆம் குறள் எந்த இழப்புக்கும் பொருந்தும். மாலை ஐந்து மணிக்குமேல் வீட்டில் தனியாக இருக்க முடியாதவர்களைக் கேட்டுப் பாருங்கள்.