பத்திரிகையைத் தின்ற கலைஞர்

கேள்வி: போன இதழில் செக் நாட்டு இவான் மார்ட்டின் யிரௌஸைப் பெரிய கலகக் கலைஞர் என்று எழுதியிருந்தீர்கள். தேடிப் பார்த்தேன், ஆள் ஓவியரும் இல்லை, கிடார் வாசித்தவரும் இல்லை. அப்புறம் எந்தக் கணக்கில் கலைஞர்?
- ஒரு வாசகர், மதுரை

பதில்: கவிதை எழுதியிருக்கிறார், அது பிறகு. அவர் படித்தது கலை வரலாறு. 1968-இல் சோவியத் டாங்குகள் ப்ராக் நகருக்குள் வந்த கையோடு அங்கே 'பிளாஸ்டிக் பீப்பிள் ஆஃப் தி யுனிவர்ஸ்' என்றொரு ராக் குழு கிளம்பியது, அதற்குக் கலை இயக்குநர் இவர்தான். கொஞ்ச நாளில் குழுவின் தொழில்முறை உரிமத்தை அரசு பறித்துவிட்டது. இவர் என்ன செய்தார் தெரியுமா? கலைஞர் சங்கத்தில் தனக்கிருந்த உறுப்பினர் தகுதியை வைத்து அமெரிக்க ஓவியர் 'ஆண்டி வார்ஹோல் பற்றிச் சொற்பொழிவு' என்று அரங்கம் பிடித்து, சில நிமிடம் பேசிவிட்டு, மீதி நேரம் முழுக்க 'எடுத்துக்காட்டு' என்ற பெயரில் குழுவை வாசிக்க விட்டார்! என்னைக் கேட்டால் அவருடைய படைப்பு இதுதான். மற்றவர்கள் வாசிக்க, பாட, கூட ஓர் இடம் உண்டாக்குவது. 1975-இல் எழுதிய அறிக்கையில் இதற்கு 'இரண்டாம் பண்பாடு' என்று பெயர் வைத்தார். அரசின் ஊடகமும் வேண்டாம், அதன் பரிசும் பட்டியலும் வேண்டாம், நாம் நமக்குள் செய்துகொள்வோம் என்பதுதான் சாரம்.

கேள்வி: அவரை ஏன் 'மாகோர்' என்கிறார்கள்?
- ஒரு வாசகி, திருச்சி

பதில்: செக் மொழியில் கிறுக்கன், லூசு என்று பொருள். 1973-இல் ஒரு மதுக்கடையில் கம்யூனிஸ்ட் கட்சி நாளேடான 'ரூடே ப்ராவோ'வைக் கிழித்துத் தின்று, போல்ஷெவிக்குகளையும் இப்படித்தான் தின்போம் என்றாராம், அதற்கு முதல் சிறை. பட்டப்பெயர் பொருத்தம்தானே.

கேள்வி: நாலு கெட்ட வார்த்தை பாடியதற்கா ஓர் அரசு அவ்வளவு பயந்தது?
- ஒரு வாசகர், கோவை

பதில்: பயந்ததுதான் அரசு செய்த தப்பு. 1976 மார்ச்சில் இவரையும் குழுவினரையும் கொத்தாகப் பிடித்து, பொது அமைதியைக் குலைத்ததாக வழக்குப் போட்டார்கள். இவருக்கு 18 மாதம். நீதிமன்றத்தில் உட்கார்ந்து கவனித்தவர்களில் நாடகாசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெலும் ஒருவர். நீண்ட முடிக்காரப் பையன்களுக்கும் அறிவுஜீவிகளுக்கும் அதுவரை பெரிதாக ஒட்டுறவு கிடையாது, இந்த வழக்கு இரண்டு பேரையும் சேர்த்துவிட்டது. அடுத்த ஜனவரியில், மனித உரிமைகளை மதிக்கச் சொல்லி அரசைக் கேட்ட 'சாசனம் 77' அறிக்கை வெளிவந்தது.

யிரௌஸ் மட்டும் திருந்தவே இல்லை. மொத்தம் ஐந்து முறை, ஏறக்குறைய எட்டரை ஆண்டு உள்ளே. குடி, வசவு, சண்டை எல்லாம் உண்டு, மகானாக்கிவிடாதீர்கள். ஆனால் வால்டிட்ஸே சிறையில் எழுதிய 'மாகோரின் அன்னப்பாடல்கள்' கவிதைகள் ரகசியமாக வெளியே வந்தபோது, அந்த முரட்டு ஆளா இவ்வளவு மெல்லிய வரிகளை எழுதினார், அதுவும் கடவுளைக் கூப்பிட்டு, என்று நினைக்கத் தோன்றும். அதே சிறையிலிருந்து தன் இரண்டு பெண் குழந்தைகளுக்கும் கதையும் பாட்டும் எழுதி அனுப்பிக்கொண்டிருந்தார்.