வாரம் 30 பவுண்ட்

கேள்வி: கால்பந்தில், பெரிய கிளப் வேண்டாமென்று கழித்துவிட்ட பையன், கீழ்மட்ட லீக்குகளில் ஆடி மேலே வந்ததுண்டா?

பதில்: இங்கிலாந்து வீரர் ஜேமி வார்டி வந்தார். உயரம் போதாதென்று ஷெஃபீல்டு வெட்னஸ்டே கிளப் அவரை 16 வயதில் அனுப்பிவிட்டது. பிறகு ஸ்டாக்ஸ்பிரிட்ஜ் பார்க் ஸ்டீல்ஸ் என்ற கீழ்மட்ட கிளப்பில் வாரம் 30 பவுண்டுக்கு ஆடினார். பிழைப்புக்குத் தொழிற்சாலை வேலை. 2010இல் ஹாலிஃபாக்ஸ் கிளப், அடுத்த ஆண்டு ஃபிளீட்வுட் கிளப். அங்கே ஒரே பருவத்தில் 31 லீக் கோல்கள்! 2012இல் லெஸ்டர் கிளப் 10 லட்சம் பவுண்ட் கொடுத்து வாங்கியது.

நான் பெரிதாக மதிப்பது அதற்கடுத்த பருவத்தைத்தான். கோல் வரவில்லை, ஆட்டத்தையே விட்டுவிட நினைத்தார். நல்லவேளை, மேலாளர் நைஜல் பியர்சன் விடவில்லை. 2015இல் இங்கிலாந்தின் முதல்மட்ட லீக்கான பிரீமியர் லீக்கில் தொடர்ந்து 11 ஆட்டங்களில் கோல் அடித்தார்; அந்தப் பருவத்தில் லெஸ்டரே சாம்பியன்.