கடுகளவு கடல் நத்தைப் புதைபடிவங்கள்: கேள்வி பதில்

கே: களிமண் கட்டியிலிருந்து 3 மி.மீ. ஓடுகளை ஊசியால் கிளறி எடுக்கிறேன். பாதிக்கு மேல் உடைந்துவிடுகிறது.

ப: ஊசியைத் தூரப் போடுங்கள். கட்டியைத் துளி ஈரமில்லாமல் காயவிட்டு, பிறகு வெந்நீரில் போடுங்கள். நன்றாகக் காய்ந்த களிமண் தண்ணீர் பட்டதும் பொலபொலவென்று உதிரும். அரைகுறையாகக் காய்ந்தது அப்படியே கல்லாக உட்கார்ந்திருக்கும். பலருக்கும் சறுக்குவது இந்த இடத்தில்தான். 0.5 மி.மீ. சல்லடையைப் பாதி தண்ணீரில் மூழ்கப் பிடித்து மெல்ல ஆட்டுங்கள். குழாய் நீரைப் பீய்ச்சினால் முதலில் போவது உச்சி நுனி. மிஞ்சியதைக் காயவைத்துக் கறுப்புத் தட்டில் பரப்பி, நுனி நனைந்த மெல்லிய தூரிகையால் ஒவ்வொன்றாக ஒற்றி எடுங்கள்.

கே: வினிகர் வேலையைச் சுலபமாக்குமா?

ப: ஆக்கும், நத்தையையும் கரைத்துவிட்டு! ஓடு சுண்ணாம்பு.

கே: நுனி மட்டும்தானே போயிற்று, மீதி முழுசாக இருக்கிறதே?

ப: பெயர் சொல்ல உதவுவதே அந்த நுனிதான். அது நத்தை முட்டையிலும் இளம்புழுப் பருவத்திலும் கட்டிய பிஞ்சு ஓடு. லென்ஸில் பாருங்கள்: பொடியாகத் தொடங்கிப் பல சுற்றுகள் இருந்தால், இளம்புழு கடலில் மிதந்து இரை தின்று வளர்ந்தது. பருத்த குமிழாக ஒன்றரைச் சுற்றில் முடிந்தால், மிதந்து இரை தின்னும் பருவம் பெரும்பாலும் இல்லை. பிஞ்சு ஓடு இடஞ்சுழியாகச் சாய்ந்து கிடக்க, மேற்கொண்டு வளர்ந்தது வலஞ்சுழியாக இருந்தால் பிரமிடெல்லிடே போன்ற குடும்பங்களைத் தேடலாம். நுனியில்லாத ஒற்றை ஓட்டை வைத்து ‘அழிந்துபோன புது இனம்’ என்று அறிவிப்பது எனக்கு ஒப்பாது. வாய் விளிம்பையும் பாருங்கள். ரிஸ்ஸோயிடே குடும்பத்தில் பலவற்றுக்கு வளர்ந்தபின் விளிம்பு தடிக்கும். மெல்லிய விளிம்புள்ள குஞ்சை வேறு இனமென்று எண்ணிவிடக் கூடாது.

கே: ஓட்டில் வட்டத் துளை இருக்கிறது. நான் குத்தியதா?

ப: ஓரம் கிண்ணம்போல் சரிந்திருந்தால் நாட்டிசிடே வேட்டை நத்தை துளைத்தது. சரிவில்லாமல் நேராக இறங்கினால் பெரும்பாலும் மியூரிசிடே குடும்ப வேட்டை நத்தை. ஊசி குத்தினால் விளிம்பு சிதறியிருக்கும்.

கே: பாறையில் சுருள் மட்டும் இருக்கிறது, ஓட்டைக் காணோம்.

ப: அரகோனைட் என்ற சுண்ணாம்புக் கனிமத்தாலான ஓடு கரைந்து, உள்ளே இறுகிய சேறு மட்டும் நிற்கிறது. அதில் வெளிவரிகள் பதியாது. எதிர்ப்பக்கக் கல்லை எறியாதீர்கள்; அந்தக் குழியில் சிலிக்கோன் ரப்பர் ஊற்றினால் வெளித்தோற்றம் கிடைக்கும்.

கே: மரப்பெட்டியில் வைத்தவற்றின்மேல் வெள்ளைப் பொடி. பூஞ்சையா?

ப: இல்லை. மரமும் மட்டமான அட்டையும் விடும் அமில ஆவி, ஈரத்தோடு சேர்ந்து ஓட்டை அரிக்கிறது. உடனே கண்ணாடிக் குப்பிக்கு மாற்றுங்கள். பஞ்சு வைக்க வேண்டாம், இழை நுனியில் மாட்டும்.